மைனர் மகள் பங்கையும் சேர்த்து அம்மா விற்ற வீடு: எப்போது வரை கேஸ் போடலாம்?

கொளத்தூர் வாடகைக்காரன்:
கொளத்தூரில் அரை கிரவுண்டு (1200 சதுர அடி), தரைத்தளம் மட்டும் கட்டிய வீடு. பேசி முடித்து இரண்டு லட்சம் அட்வான்ஸும் கொடுத்துவிட்டேன். லோனுக்குப் போன இடத்தில் பேங்க் வக்கீல் மூலப் பத்திரத்தில் பென்சிலால் ஒரு கோடு போட்டுத் திருப்பி அனுப்பிவிட்டார்.

விஷயம் இதுதான். இடம் ஒருவரின் சொந்தச் சம்பாத்தியம். அவர் உயில் எழுதாமல் இறந்துவிட்டார். 2011 மார்ச்சில் அவர் மனைவி தனக்காகவும், மைனர் மகன் (வயது 13), மைனர் மகள் (வயது 6) இருவருக்கும் கார்டியனாகவும் கையெழுத்துப் போட்டு விற்றிருக்கிறார். ‘மைனர்களின் படிப்புச் செலவுக்கும் குடும்பக் கடனைத் தீர்க்கவும்’ என்ற வழக்கமான வரி இருக்கிறது. கோர்ட் அனுமதி பற்றி ஒரு வார்த்தை இல்லை. அன்று வாங்கியவர்தான் இப்போது எனக்கு விற்கிறார்.

“பதினஞ்சு வருஷம் ஆகப்போகுது, இனிமே யார் சார் வரப்போறா” என்கிறார் புரோக்கர். அட்வான்ஸ் போனாலும் போகட்டும், இந்த வீடு வேண்டாம் என்கிறார் என் மனைவி. பொங்கல் முடிந்ததும், 2026 ஜனவரிக்குள் பதிவு என்று பேச்சு. என்ன செய்யலாம்?

மணி அண்ணாநகர்:
12 வருஷம் தாண்டினால் யாராலும் ஒன்றும் செய்ய முடியாது. தைரியமாக வாங்குங்கள்.

பாரிமுனை வக்கீல்:
மணி சார், மன்னிக்கவும், அந்த 12 வேறு கணக்கு. சித்தப்பாவோ மாமாவோ தாங்களாகவே கார்டியன் என்று சொல்லிக்கொண்டு விற்றால் அந்த விற்பனையே செல்லாது. அங்கேதான் சுவாதீனம் (சொத்தைத் தன் கைவசம்) கேட்க 12 வருஷம். அப்பா இறந்த வீட்டில் அம்மாதான் இயற்கைக் கார்டியன் (இந்துக் குடும்பம் என்று வைத்துச் சொல்கிறேன்). அவர் கோர்ட் அனுமதி வாங்காமல் விற்றால், 1956-ஆம் வருஷத்து இந்து மைனர் - கார்டியன் சட்டத்தின் 8-ஆம் பிரிவுப்படி பத்திரம் நிற்கும், ஆனால் பிள்ளை நினைத்தால் கவிழ்க்கலாம். அதற்குக் கெடு, லிமிடேஷன் சட்டம் (கேஸ் போடக் காலவரம்பு சொல்லும் சட்டம்) ஆர்ட்டிகிள் 60-இன்படி, மேஜரானதிலிருந்து 3 வருஷம். விற்ற தேதியும் கணக்கில்லை, விஷயம் தெரியவந்த தேதியும் கணக்கில்லை. தமிழ்நாட்டிலிருந்து போன முருகன் - கேசவ கவுண்டர் வழக்கில் 2019-இல் உச்ச நீதிமன்றமும் 12 வருஷக் கணக்கை ஏற்கவில்லை, 3 வருஷம்தான் என்றது.

மகனின் கெடு எப்படிக் கணக்கிட்டாலும் முன்பே போயிற்று. மகள்தான் சிக்கல். விற்ற அன்று 6 வயது நிறைந்திருந்தால், கெடு எப்படியும் 2026 மார்ச்சுக்குள் முடியும். ஆனால் பத்திரம் எழுதுகிறவர்கள் நடக்கிற வயதைப் போடுவதும் உண்டு. ஐந்து முடிந்து ஆறு நடந்திருந்தால் 2027 மார்ச் வரைகூட இழுக்கும். ஆகவே பத்தாம் வகுப்பு மார்க் ஷீட்டையோ பிறப்புச் சான்றையோ பார்க்காமல் நகராதீர்கள்.

கேஸ் எதுவும் இல்லை என்று தெரிந்தால் மட்டும் போதாது. 2025 அக்டோபரில் கே.எஸ். சிவப்பா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது: கேஸ் போட்டுத்தான் மறுக்க வேண்டும் என்பதில்லை, கெடுவுக்குள் அதே சொத்தை வேறொருவருக்கு எழுதிக்கொடுத்தாலே மறுத்த மாதிரிதான். அதனால் வில்லங்கச் சான்று (சொத்தின் மேல் பதிவான பத்திரங்களின் பட்டியல்) நேற்றைய தேதி வரை போடுங்கள்.

அந்தப் பெண் கேட்கக்கூடியது தன் பங்கை மட்டும். மூன்றில் ஒன்று, அதாவது 400 சதுர அடி. இறந்தவரின் தாயார், அவர் இறந்தபோது உயிரோடு இருந்தாரா? இருந்தால் நாலில் ஒன்று, பாட்டி கையெழுத்து இல்லாதது தனித் தலைவலி. வாரிசுச் சான்றிதழைக் கேளுங்கள்.

வேப்பம்பூ:
நான் அந்தப் பக்கம் நின்றவள். அப்பா இறந்தபோது எனக்கு 9 வயது. அம்பத்தூர் இடத்தை அம்மா விற்றது, எனக்கு 24 வயதில் டிரங்குப் பெட்டியில் நகல் பத்திரம் கிடைத்தபோதுதான் தெரியும். என் பெயருக்குப் பக்கத்தில் ‘மைனர்’, அதற்கு நேரே அம்மாவின் கோணல் கையெழுத்து. வக்கீல் கேட்ட முதல் கேள்வி என் பிறந்த தேதி. சொன்னதும் பேனாவை மூடி வைத்துவிட்டார். அம்மா மேல் கோபமில்லை, அந்தப் பணத்தில்தான் பி.காம். படித்தேன். ஆனால் வாங்கியவர் யாராவது ஒருநாள் வீட்டுக்கு வந்து என்னிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம் என்று இன்றும் தோன்றும். அண்ணா, நீங்கள் போய்க் கேளுங்கள்.

கொளத்தூர் வாடகைக்காரன்:
போனோம். பெரம்பூரில் இருக்கிறார்கள். பாட்டி 2008-லேயே காலமாகிவிட்டார், சான்றிதழில் மூன்றே பேர். மகளின் மார்க் ஷீட்டில் பிறந்த தேதி 11-05-2005. நடக்கிற வயதைத்தான் போட்டிருக்கிறார்கள்! விடுதலைப் பத்திரம் (தன் பங்கில் உரிமை இல்லை என்று விட்டுக்கொடுக்கும் பத்திரம்) எழுதித் தர அந்தப் பெண் மூன்று லட்சம் கேட்கிறார். விற்பவரோ ஒரு பைசா தரமாட்டாராம், “மே 11 தாண்டட்டும், 12-ஆம் தேதி பதிவு வெச்சுக்கலாம்” என்கிறார்.

பாரிமுனை வக்கீல்:
12-ஆம் தேதி வேண்டவே வேண்டாம். மே மாதம் சிவில் கோர்ட் விடுமுறை. மூடியிருக்கும்போது கெடு முடிந்தால், திறக்கிற அன்று கேஸ் போடலாம், லிமிடேஷன் சட்டம் 4-ஆம் பிரிவு. காத்திருப்பதானால் ஜூனில் கோர்ட் திறந்து, வில்லங்கமும் புதிதாகப் போட்டுப் பார்த்த பிறகு. அதுவரை அக்ரிமெண்டில் தேதியை நீட்டி எழுதி, இரண்டு தரப்பும் கையெழுத்துப் போடுங்கள். என்னைக் கேட்டால் விடுதலைப் பத்திரம்தான் சுத்தம், பேங்க்கும் அதைத்தான் கேட்கும்.

கொளத்தூர் வாடகைக்காரன்:
சரி மேடம். ஆளுக்குப் பாதி போடலாமா என்று விற்பவரிடம் இன்று ராத்திரி கேட்கப் போகிறேன். ஏப்ரலில் இங்கே வாடகை ஏறுகிறது, ஜூன் வரை எனக்குத் தாங்காது.