பொங்குகாரை: ஏஏசி கல்லுக்குத் தமிழில் ஒரு பெயர்

அன்புள்ள குழுவினருக்கு வணக்கம்.

ஏஏசி என்பது 'ஆட்டோகிளேவ்டு ஏரேட்டட் கான்கிரீட்' என்பதன் சுருக்கம். உள்ளே குமிழிகள் எழுப்பி, ஆவியில் இறுக்கிச் செய்யும் லேசான கல் அது, செங்கல்லுக்குப் பதில் சுவர் கட்ட வருகிறது. நம் கலைச்சொல் குழுவில் அதற்குப் போன வாரம் நான் முன்வைத்த 'பொங்குகல்' என்ற பெயரைத் திரும்ப எடுத்துக்கொள்கிறேன். பாலக்கோட்டிலிருந்து தமிழாசிரியர் அம்மா எழுதிய மறுப்பு சரிதான். 'பொங்குகல் வந்து இறங்கியது' என்று காதால் கேட்டால் 'கள்' என்ற பன்மை விகுதி போலத்தான் இருக்கிறது. நாலு நாளில் அது மேஸ்திரி வாயில் 'பொங்கல்' ஆகிவிடும் என்றும் அவர் எழுதியிருந்தார். அதையும் ஒப்புக்கொள்கிறேன்.

ஆனால் 'பொங்கு' என்ற பாதியை விட எனக்கு மனமில்லை. ஆகவே இன்று 'பொங்குகாரை' என்று வைக்கிறேன். அது பொருளின் பெயர். அதிலிருந்து அறுத்தெடுப்பது பொங்குகாரைக் கல். ஏன் என்பதைக் கொஞ்சம் நீட்டித்தான் சொல்ல வேண்டும்.

பர்கூர்ப் பக்கம் ஒரு வீடு. தூணும் உத்தரமும் போட்டு, நடுவில் சுவர் எழுப்பும் வேலை. நாங்கள் முதல் முறையாக ஏஏசி கல் இறக்கியது அங்கேதான். அன்று காலை நான் போய்ச் சேரும்போது தண்ணீர்த் தொட்டியில் கற்கள் மிதந்துகொண்டிருந்தன. மிதக்கிற கல்லை அமுக்க, அதன் முதுகில் ஒரு கருங்கல் துண்டைத் தூக்கி வைத்தார் சித்தாள் அம்மா. பாரம் ஏறியதும் கல் மெல்ல உள்ளே இறங்கியது. ஓரங்களிலிருந்து ஊசிமுனை போலக் குமிழிகள் கிளம்பி வந்தன. கருங்கல் விளைகிற ஊரில், மிதக்கிற கல்லைக் கருங்கல் வைத்து முக்குவதை நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

மேஸ்திரி முப்பது வருடம் செங்கல் வேலை பார்த்தவர். "தண்ணி காட்டாம வெச்சா சாந்து பிடிக்காது சார்" என்றார். செங்கல்லுக்கு அது முழு உண்மை. காய்ந்த செங்கல் சாந்தில் இருக்கும் தண்ணீரை உறிஞ்சிவிடும், சாந்து இறுகாமல் உதிரும். எனக்கும் அன்றைக்கு இந்தக் கல் புதிது. சரி என்று விட்டுவிட்டேன். ஒரு பங்கு சிமெண்டுக்கு நான்கு பங்கு மணல் என்று கெட்டிச் சாந்து போட்டுக் கட்டினார்கள். கட்டி முடித்தபின் ஏழு நாள், காலையும் மாலையும், ஓஸ் பிடித்துத் தண்ணீர். "கான்கிரீட் கல்லுதானே சார், எவ்வளவு குடிச்சாலும் நல்லதுதான்" என்றார்.

அடுத்த சித்திரையில் பூச்சின் மேல் விரிசல் தெரிந்தது. தூணும் சுவரும் சேருமிடத்தில் நூல் பிடித்தாற்போல் மேலிருந்து கீழே ஒன்று, சன்னல் மூலையிலிருந்து சாய்வாக இன்னொன்று. ஊறிய கல் காயும்போது சுருங்குகிறது. கல்லைவிடச் சாந்து கெட்டியாக இருந்ததால் விரிசல் சாந்தோடு நிற்காமல் கல்லுக்குள்ளேயே ஓடிவிட்டது. தூணோரத்தில் கோழிவலை அடித்துப் பூசியிருக்க வேண்டும், அதுவும் செய்யவில்லை. வீட்டுக்கார அம்மா விரல்நகத்தை விரிசலில் வைத்து மேலிருந்து கீழே இழுத்துக் காட்டினார். ஒரு வார்த்தை பேசவில்லை.

கலைச்சொல் குழுவில் இதை ஏன் சொல்கிறேன் என்றால், அந்த மேஸ்திரி எதையும் அலட்சியமாகச் செய்யவில்லை. பெயர் சொன்னதைச் செய்தார். 'கல்' என்று கேட்டார், செங்கல்லைப் போல ஊறவைத்தார். 'கான்கிரீட்' என்று கேட்டார், கூரைத் தளத்துக்கு ஊற்றுவதைப் போல ஊற்றினார். ஏஏசிக்குச் சேலத்து ஐயா பரிந்துரைக்கும் 'காற்றூட்டிய கற்காரை' (கற்காரை என்றால் கான்கிரீட்) அந்த இரண்டாவது தவறைத் தமிழில் அப்படியே வைத்துக்கொள்கிறது. என் மறுப்பு முதலில் 'கற்காரை' மேல், அப்புறம்தான் 'காற்றூட்டிய' மேல்.

இந்தக் கல்லில் என்னென்ன சேர்கிறது? நைசாக அரைத்த மணல், அல்லது மேட்டூர் அனல் மின் நிலையத்தில் கிடைப்பது போன்ற உலர் சாம்பல். சுண்ணாம்பு, சிமெண்ட், கொஞ்சம் ஜிப்சம், தண்ணீர். கடைசியில் மிகக் கொஞ்சமாய் அலுமினியப் பொடி. ஜல்லி எங்கே? இல்லவே இல்லை. கான்கிரீட்டுக்குக் 'கற்காரை' என்று பெயர் வைத்தவர்கள் கல்லும் காரையும் சேர்ந்தது என்று பொருள்படத்தான் வைத்தார்கள். கல் சேராத ஒன்றைக் கற்காரை என்பது பொருந்தாது. சுண்ணாம்பும் நுண்மணலும் குழைந்து இறுகுவதற்குக் காரை என்ற பெயர் நம்மிடம் முன்னமே இருக்கிறது. 'காரை வீடு' என்றும், 'காரை பெயர்ந்து விழுந்தது' என்றும் இன்றைக்கும் தர்மபுரிக் கிராமங்களில் சொல்கிறோம். ஆங்கிலத்தில் கான்கிரீட் என்ற சொல் இருக்கிறது என்பதற்காகத் தமிழிலும் கற்காரையை இழுத்து வர வேண்டியதில்லை.

இனி 'காற்றூட்டிய'. இந்தக் கூழுக்குள் யாரும் காற்றை ஊதுவதில்லை. சுண்ணாம்பின் காரத்தோடு அலுமினியப் பொடி வினைபுரிந்து ஹைட்ரஜன் வாயு உண்டாகிறது. லட்சக்கணக்கான குமிழிகள் உள்ளேயே பிறக்க, அச்சில் பாதி ஊற்றிய கூழ் ஏறக்குறைய இரண்டு பங்காக எழும்பி வருகிறது. பிறகு ஹைட்ரஜன் வெளியேறிவிடும், அந்த இடத்தில் காற்று வந்து உட்காரும். கத்தியால் வெட்டும் பதத்துக்கு இறுகியதும் அச்சைக் கழற்றி, கம்பியால் அளவாக அறுப்பார்கள். அதன்பின் பெரிய உருளைக் கலனுக்குள் தள்ளி மூடி, ஏறக்குறைய 180 முதல் 190 பாகைச் சூட்டில், வெளிக்காற்றைப் போலப் பத்துப் பன்னிரண்டு மடங்கு அழுத்தத்தில், பத்து மணி நேரத்துக்கு மேல் நீராவியில் வைப்பார்கள். சுண்ணாம்பும், மணலிலோ சாம்பலிலோ உள்ள சிலிக்காவும் சேர்ந்து டோபர்மோரைட் என்ற படிகமாக மாறுவது அங்கேதான். கல்லின் வலு அந்தப் படிகத்தில் இருக்கிறது.

முதலில் பொங்குகிறது, பிறகு ஆவியில் வேகிறது. வீட்டில் இட்லிக்கு நடப்பதும் அதே வரிசைதான். காவேரிப்பட்டணத்தில் ஒரு சின்ன வேலையில் இதை நான் விளக்கியபோது, கேட்டுக்கொண்டிருந்த இளம் கொத்தனார் ஒரு கல்லை மர ரம்பத்தால் அறுத்து, அறுத்த முகத்தைக் கட்டைவிரலால் தேய்த்துப் பார்த்தார். வெளிறிய பொடி விரலில் ஒட்டியது. உள்ளே கடுகளவுக்கும் சிறிய குழிகள், எங்கும் ஒரே சீராக. "அப்ப இத முக்கக் கூடாதுங்களா?" என்று அவராகவே கேட்டார். மேல்முகத்தை லேசாக நனைத்தால் போதும் என்றேன். ஒரு வினைச்சொல் அவரை அந்தக் கேள்விக்குக் கொண்டுவந்தது. அதனால்தான் 'பொங்கு' வேண்டும் என்கிறேன்.

'காற்றூட்டிய' என்பதில் இன்னொரு சங்கடமும் உண்டு. கழிவுநீர் நிலையத்தில் தண்ணீருக்குள் காற்றைச் செலுத்துவதைக் காற்றூட்டல் என்கிறோம். குளிர்நாடுகளில், பனியில் உறைந்து வெடிக்காமலிருக்கச் சாதாரண கான்கிரீட்டுக்குள் சில விழுக்காடு காற்றைப் பிடித்து வைப்பார்கள். அது ஜல்லி போட்ட கனமான கான்கிரீட்தான். அதற்கும் ஒருநாள் தமிழ்ப்பெயர் வேண்டும். அப்போது 'காற்று' தேவைப்படும், இங்கே செலவழித்துவிட வேண்டாம்.

ஓசூர் நண்பர் 'வெள்ளைக்கல்' என்றே வைத்துவிடலாம், வேலையாட்கள் அப்படித்தானே சொல்கிறார்கள் என்கிறார். மக்கள் வழக்கை மதிக்க வேண்டும் என்பதில் அவரோடு உடன்படுகிறேன். ஆனால் மணலில் செய்த கல் வெள்ளை, சாம்பலில் செய்தது சாம்பல் நிறம். நம் பக்கம் இறங்குவதில் சாம்பல் நிறம்தான் அதிகம் பார்க்கிறேன். அது போதாதென்று, சுடாமல் அழுத்திச் செய்யும் ஃபிளை ஆஷ் (உலர் சாம்பல்) கல்லும் அதே நிறம். நிறத்தை நம்பிப் பெயர் வைத்தால் இரண்டும் குழம்பும்.

'எடைகுறை கல்', 'லேசுக்கல்' பற்றி: லேசு என்பது உண்மை. 24 அங்குலம் நீளம், 8 உயரம், 6 தடிமன் உள்ள ஒரு கல் ஏறக்குறைய பத்துச் செங்கல்லின் இடத்தை அடைக்கும். அந்தப் பத்துச் செங்கல் 30 கிலோ வரும். இந்தக் கல் காய்ந்த நிலையில் 11 கிலோதான். ஆனால் லேசான கல் வேறும் இருக்கிறது. சிஎல்சி (செல்லுலார் லைட்வெயிட் கான்கிரீட்) என்று விற்பதும் லேசுதான். அதில் நுரையைத் தனியாக அடித்துக் கொண்டுவந்து சாந்தில் கலக்கிறார்கள், பெரும்பாலும் ஆவியில் வைப்பதில்லை. நமது இந்தியத் தரநிலை 2185 இவை இரண்டையும் பிரித்தே வைத்திருக்கிறது. ஆவியழுத்தத்தில் இறுகுவது 1984இல் வந்த மூன்றாம் பகுதியில், நுரை கலந்தது 2008இல் வந்த நான்காம் பகுதியில். தமிழிலும் அந்தப் பிரிவு நிற்க வேண்டும். உள்ளிருந்து எழுவது பொங்குகாரை, வெளியிலிருந்து நுரை சேர்ந்தது நுரைக்காரை. முன்னது வினைத்தொகை, வல்லினம் மிகாது. பின்னதில் நுரை பெயர், அதனால் மிகும். எழுதும்போது இந்த ஒற்றில் கவனம் வைத்துக்கொள்வோம்.

'உப்பு' என்ற வினையையும் ஒருவர் கேட்டிருந்தார். உப்புக்கல் என்றால் சமையலறை ஞாபகம்தான் வரும். அதோடு, சுவரில் உப்புப் பூப்பதுதான் வீடு கட்டுகிறவரின் பெரிய பயம், அந்தச் சொல்லைக் கல்லிலேயே ஒட்ட வேண்டாம். 'பொரிகல்' எனக்குப் பிடித்த சொல். ஆனால் களிமண் உருண்டையைச் சூளையில் பொரித்து லேசான ஜல்லி செய்கிறார்கள், அது உண்மையிலேயே பொரிவது. அதற்கு எடுத்து வைப்போம்.

'நுண்துளைக் காரை' என்று எழுதியவருக்கு என் பதில் நீளமானது, ஏனென்றால் அவர் பக்கம் வலுவான சான்று ஒன்று இருக்கிறது. இந்தக் கல் பிறந்தது 1920களில் ஸ்வீடனில். கட்டடக் கலைஞர் யோகான் ஆக்செல் எரிக்சன் கண்டுபிடித்தது. அங்கே 'காஸ்பெட்டாங்', அதாவது வாயுக் கான்கிரீட் என்றார்கள். ஜெர்மானியரும் முதலில் 'காஸ்பெட்டோன்' என்றே வழங்கினார்கள். பிறகு அதை விட்டுவிட்டு 'போரன்பெட்டோன்', துளைக் கான்கிரீட், என்று மாற்றிக்கொண்டார்கள். ஒரு நாடே பெயரை மாற்றிக்கொண்டது நமக்கும் பாடம்தான். முடிந்த கல்லில் அந்த வாயு இல்லை, துளைதான் இருக்கிறது. ஆனால் தமிழில் 'துளை' என்றால் வீட்டுக்காரர் மனதில் ஒழுகல் வரும். ஹாலோ பிளாக்கின் பெரிய ஓட்டையும் துளைதான். மழைநீர் இறங்கட்டும் என்று வேண்டுமென்றே ஊடுவழி விட்டுப் போடும் நடைபாதைக் கான்கிரீட்டும் இருக்கிறது. 'புரை' எனலாமா என்றால், புரையோடிய புண் முன்னால் வந்து நிற்கிறது. பொங்குதலுக்கு அப்படி ஒரு குறையும் இல்லை, புது வீட்டில் பால் பொங்கினால் நல்லது என்கிறவர்கள் நாம்.

பொங்குகாரை என்றால் கட்டிய பிறகும் சுவர் பொங்கும் என்று நினைக்க மாட்டார்களா என்று கேட்ட அன்பருக்கு: ஊறுகாய் என்ற சொல் ஊறின காயையும் குறிக்கிறது, ஊறுகிற காயையும் குறிக்கிறது. வினைத்தொகைக்குக் காலம் மூன்றும் அடக்கம். கேட்கிறவர் இடம் பார்த்துப் பொருள் கொள்வார்.

எனக்கு மிகவும் பிடித்த காரணத்தைக் கடைசியில் வைத்திருக்கிறேன். ஓசூர், தளி, தேன்கனிக்கோட்டைப் பக்கம் வேலைக்கு வருகிறவர்களில் பலர் வீட்டில் தெலுங்கும் கன்னடமும் பேசுகிறவர்கள். தெலுங்கில் பால் எழும்பி வழிந்தால் அதுவும் 'பொங்கு'தான். காரை தெலுங்கில் 'கார', கன்னடத்தில் 'காரெ'. கொத்து வேலையையே கன்னடத்தில் 'காரெ கெலச' என்கிறார்கள். 'காற்றூட்டிய கற்காரை'யை அவர்களுக்கு நான் ஒவ்வொரு முறையும் விளக்க வேண்டும். பொங்குகாரை பாதிக்கு மேல் தானாகவே புரியும்.

முறையான முழுப்பெயர் கேட்டால் 'அவித்த பொங்குகாரை' எனலாம். அந்த நீராவிக் கலனுக்கு 'அவிகலன்'. கூடவே வரும் சில சொற்களையும் இப்போதே பேசிவிடலாம். மூட்டையில் வரும் பசையைத் தளத்தில் 'கெமிக்கல்' என்கிறார்கள். அது சிமெண்ட் சேர்ந்ததுதான், கெமிக்கல் என்றதும் பாதிப்பேர் தொடவே தயங்குகிறார்கள். 'ஒட்டுச்சாந்து' என்றால் சரியாக இருக்கும். அதை மூன்று மில்லிமீட்டருக்கு இழுத்துத் தடவும் பல் வைத்த கரண்டி 'பல்கரண்டி'. நாலடி உயரத்துக்கு ஒருமுறை சுவரில் கம்பி வைத்துப் போடும் மெல்லிய கான்கிரீட் பட்டைக்கு 'இடைப்பட்டை' என்று நினைக்கிறேன். இதைவிட நல்லது இருந்தால் எழுதுங்கள், அதில் எனக்குப் பிடிவாதம் இல்லை.

திங்கட்கிழமை ஒரு வீட்டின் மாடிச் சுவருக்குச் சரக்குச் சீட்டு எழுத வேண்டும். 'பொங்குகாரைக் கல், 6 அங்குலம்' என்று எழுதி, கடைக்காரருக்காகப் பக்கத்தில் ஏஏசி என்றும் குறிக்கப் போகிறேன். மேஸ்திரி அதை எப்படி வாய்விட்டுப் படிக்கிறார் என்று கேட்டுவிட்டு மறுபடி எழுதுகிறேன்.