பெல்மெனிக்குள்ள மிசிர் வாட் வைக்கணும், ஐடியா சொல்லுங்க

ஃப்ரெண்ட்ஸ், ரஷ்யன் சமையலோ எத்தியோப்பியன் சமையலோ பழக்கம் உள்ளவங்க யாராவது இருந்தா கொஞ்சம் ஹெல்ப் பண்ணுங்க. பெல்மெனி தெரியும்ல, ரஷ்யால கறி வச்சு தண்ணில வேகவைக்கிற குட்டி டம்ப்ளிங், அதுல கறிக்கு பதிலா எத்தியோப்பியாவோட மிசிர் வாட், அதாவது மைசூர் பருப்பை பெர்பெரே மசாலால வதக்கி வேகவைக்கிறது, அதை பூரணமா வைக்கப் போறேன்.

ஏன் இந்த காம்பினேஷன்னா, வீட்டுக்கு சாப்பிட வர்றவங்கள்ல ஒருத்தர் ரஷ்யன், ஒருத்தர் எத்தியோப்பியன், ரெண்டு பேருமே ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவங்க, ஈஸ்டருக்கு முந்தின நோன்புல இருக்காங்க. கறி, முட்டை, பால், வெண்ணெய் எதுவும் ஆகாது. எத்தியோப்பியால இந்த நோன்பு 55 நாளு! அதனால நிதெர் கிப்பேவும் (அவங்களோட மசாலா நெய்) போட முடியாது, எண்ணெய்தான்.

பிரச்சனை என்னன்னா மிசிர் வாட் குழம்பு மாதிரி தளதளன்னு இருக்கும், கொழுக்கட்டை பூரணம் மாதிரி உருண்டு வரணும். பருப்பை முக்கால் பதம் வேகவச்சு தண்ணிய வடிச்சிட்டு அப்புறம் மசாலால சுருட்டலாமா, இல்ல கடலை மாவு தூவலாமா? முட்டை இல்லாம மாவு கொதிக்கிற தண்ணில கிழியாம இருக்க சுடுதண்ணி ஊத்தி பிசைஞ்சா போதுமா?

மேல ஸ்மெட்டானாவுக்கு (ரஷ்யன் புளிச்ச க்ரீம்) பதிலா சூரியகாந்தி எண்ணெய்ல பொன்னிறமா வதக்கின வெங்காயம் போடலாம்னு இருக்கேன். கூட டில் கீரை தூவலாமா? பெர்பெரேல வெந்தயம், ஓமம், இஞ்சி எல்லாம் இருக்கு, அதோட ஒத்துப்போகும்னுதான் எனக்கு தோணுது, ஆனா செஞ்சு பாத்தவங்க சொன்னா தைரியமா இருக்கும். ஞாயித்துக்கிழமை சமைக்கணும், ப்ளீஸ்.