தொட்டிக்குத் தோண்டிய குழியில் நாலு விதமான மண், தோட்டத்தில் நிரவலாமா?

கேள்வி (கானாடுகாத்தான் பக்கம்)
வணக்கம். வீட்டுப் பின்பக்கம் தண்ணீர்த் தொட்டி கட்ட ஜேசிபி வைத்துப் பத்தடி தோண்டச் சொல்லியிருக்கிறோம், குழியின் ஒரு பாதிப் பக்கம் முடிந்துவிட்டது. மேலே ஒரு சாண் பழுப்பு மண், அதன் கீழே நல்ல சிவப்பு, அப்புறம் ஓட்டை ஓட்டையாகச் செம்புறாங்கல், அடியில் வெள்ளையும் சிவப்பும் கலந்த களி. எதில் என்ன இருக்கிறது? எல்லாவற்றையும் தோட்டத்திலேயே நிரவிவிடலாம், லாரிச் செலவு மிச்சம் என்கிறார் மேஸ்திரி. அங்கே மாவும் கொய்யாவும் வைக்க ஆசை.

பதில் 1 (மண்ணியல் படித்தவன்)
நிரவாதீர்கள். மீதிப் பக்கத்தைத் தோண்டும் முன் அந்த ஒரு சாண் மண்ணை மட்டும் வழித்துத் தனியாகக் குவிக்கச் சொல்லுங்கள். மக்கிய இலை, வேர், மண்புழு, பூஞ்சை, பாக்டீரியா எல்லாம் இருப்பது அதில்தான், பழுப்பு நிறமே அந்த மக்கினால் வருவது. ஒரு அங்குலம் மேல்மண் உருவாகப் பல நூறு ஆண்டுகள் ஆகும்.

சிவப்பு அடிமண்ணில் மழைநீர் மேலிருந்து கழுவி இறக்கிய களியும் இரும்பு ஆக்சைடும் இருக்கும். மக்கு குறைவு. நாம் போடும் மணிச்சத்தையும் (பாஸ்பரஸ்) அந்த இரும்பு பிடித்துக்கொண்டு செடிக்கு விடாது.

செம்புறாங்கல்லில் மிஞ்சியிருப்பது பெரும்பாலும் இரும்பும் அலுமினியமும்தான், சிலிக்காவும் சுண்ணாம்பும் சாம்பல் சத்தும் நெடுங்காலம் பெய்த மழையில் கரைந்து போய்விட்டன. பூமிக்குள் ஈரமாக இருக்கும்போது வெட்டுவதற்கு இளகலாக இருக்கும், வெளியே எடுத்துக் காயவிட்டால் இறுகும். பிரான்சிஸ் புக்கானன் என்ற ஸ்காட்லாந்து மருத்துவர் கேரளத்து அங்காடிப்புரத்தில் கண்டு, 1807இல் வெளிவந்த தன் பயண நூலில் எழுதியது இந்தக் குணத்தைத்தான். நம் பக்கத்து மதில்களையும் ஊருணிக் கரைகளையும் தாங்கி நிற்பதும் அந்த இறுகிய கல்தான், அதனால் அதைக் கட்டடத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள், தோட்டத்தில் போட்டு வேரை நசுக்க வேண்டாம்.

அடியில் உள்ள களியில் இரும்பு விலகிய இடம் வெளுத்திருக்கும், சேர்ந்த இடம் சிவந்திருக்கும். வெள்ளை பெரும்பாலும் கயோலின் என்ற வெண்களி. சத்து கிடையாது, தண்ணீரும் லேசில் இறங்காது. இதை மேலே பரப்பினால் மழையில் சேறு, கோடையில் பலகை. இன்னும் ஆழத்தில் சிதைந்த பாறையும் அதன் கீழே முழுப்பாறையும் இருக்கும், உங்கள் குழி அவ்வளவு தூரம் போகாது.

பதில் 2 (தேவகோட்டை விவசாயி)
தம்பி சொல்வது சரி. மாவுக்கு மூணடி நீளம், மூணடி அகலம், மூணடி ஆழத்தில் குழி எடுங்கள், நிரப்பும்போது மேல்மண்ணோடு மக்கிய தொழு உரம் 10 கிலோ கலந்து போடுங்கள். அடிமண்ணை வைத்துப் பாத்தி வரப்பு கட்டிக்கொள்ளலாம், அது ஒன்றும் வீணில்லை.

கேள்வி கேட்டவர்
நன்றி அண்ணே. சிக்கல் என்னவென்றால் இதுவரை எடுத்த மண் ஒரே குவியலாகக் கலந்து கிடக்கிறது. அதில் எது தேறும் என்று எப்படிப் பார்ப்பது?

பதில் 1
கண்ணாடிப் பாட்டிலில் பாதிக்குக் குறைவாக மண், மீதி தண்ணீர், நன்றாகக் குலுக்கி அசையாமல் வையுங்கள். மணல் ஓரிரு நிமிடத்தில் அடியில் தங்கும், வண்டல் சில மணி நேரத்தில் அதன் மேல் படியும், களி அடங்க ஒரு நாளோ அதற்கு மேலோ ஆகும். மக்கு கொஞ்சம் மேலே மிதக்கும். குவியலில் நாலைந்து இடத்து மண்ணைத் தனித்தனிப் பாட்டிலில் போட்டுப் பார்த்தால் வித்தியாசம் தெரிந்துவிடும். மிதப்பது ஒன்றுமில்லை, களிதான் முக்கால் பங்கு என்றால் அந்தப் பக்கத்து மண்ணைப் பள்ளம் தூர்க்க மட்டும் வைத்துக்கொள்ளுங்கள்.

பதில் 3 (புதுவயல்)
குறைகிற மேல்மண்ணுக்கு ஊருணி, கண்மாய் வண்டல் நல்ல மாற்று. வரத்துக்கால் வழியாக ஓடிவரும் மழைநீர் ஊர்க்காட்டு மேல்மண்ணைத்தானே அங்கே கொண்டுபோய்ச் சேர்க்கிறது. ஆனால் குடிதண்ணீர் ஊருணியில் கை வைக்காதீர்கள், கண்மாயில் எடுப்பதானாலும் தாலுகா அலுவலகத்தில் கேட்டு அனுமதி வாங்கிக்கொண்டு, சித்திரை வைகாசியில் தண்ணீர் வற்றியிருக்கும்போது எடுங்கள்.