கோமாளியைக் கண்டு நடுங்குவதைக் குறும்படத்தில் எப்படிக் காட்டலாம்?

கேள்வி:
வணக்கம். ஏற்காட்டில் 10 நிமிடக் குறும்படம் ஒன்றை எடுக்கவிருக்கிறோம். ஏரிக்கரையில் கோமாளி வேடமிட்டுப் பலூன் விற்பவரைக் கண்டால் 24 வயதுக் கதைநாயகி நடுங்கிவிடுவாள். அவர் யாருக்கும் தீங்கு நினைக்காதவர் என்பது அவளுக்கும் தெரியும். அவள் அலறி ஓடும் காட்சியை ஒத்திகை பார்த்தபோது எல்லோரும் சிரித்துவிட்டார்கள். பனிமூட்டத்தில் எடுத்தால் அச்சம் கூடும் என்கிறார் ஒளிப்பதிவாளர். எனக்குத் தயக்கமாக இருக்கிறது.

முதல் பதில்:
உங்கள் தயக்கம் சரியானது. பனிமூட்டத்திலிருந்து வெளிப்படும் கோமாளியைக் கண்டு யாரும் அஞ்சுவார்கள். காரணமற்ற அச்சம் என்ற உங்கள் கதையே அங்கே கரைந்துவிடும். படகுத் துறையில் குழந்தைகள் கூடியிருக்கும் நண்பகல் வெயிலில் எடுங்கள். கோமாளிக்கு விசேஷக் கோணமோ ஒளியோ வேண்டாம். அவளுடைய அண்மைக் காட்சிகளில் மட்டும் பின்னணி மங்கி, அந்த மங்கலில் சிவப்பு மூக்கு ஒரு புள்ளியாக நகரட்டும். குழந்தைகளின் இரைச்சல் மெல்ல அடங்கி, பலூன்கள் உரசும் ஓசை மட்டும் மிஞ்சட்டும்.

இரண்டாவது பதில்:
நான் சேலத்தில் வசிப்பவன். எனக்குச் சிறு வயதிலிருந்தே இந்த அச்சம் உண்டு. ஆனால் ஒருமுறைகூட நான் அலறியதில்லை. கைப்பேசியில் யாருடனோ பேசுவதுபோல் பாவனை செய்துகொண்டு எதிர்ப்பக்கம் கடந்துவிடுவேன், உள்ளங்கை வியர்த்திருக்கும், அவ்வளவுதான். உங்கள் நாயகியும் அதை மறைக்கப் பாடுபடட்டும், பார்ப்பவர் சிரிக்கமாட்டார். வரைந்த சிரிப்புக்குப் பின்னால் அந்த மனிதர் என்ன நினைக்கிறார் என்று தெரியாததுதான் என்னை வதைக்கிறது. வேல்ஸ் ஆய்வாளர்கள் 2023இல் வெளியிட்ட ஆய்வும், ஒப்பனை உண்மையான உணர்ச்சியை மறைத்துவிடுவதை முக்கியக் காரணமாகக் கூறுகிறது.

மூன்றாவது பதில்:
தெருக்கூத்தில் கட்டியங்காரனும் முகத்தில் வண்ணம் பூசிக் கூம்புத் தொப்பியோடுதான் வருகிறான். ஆனால் அவன் ஓயாமல் பேசுகிறான், நம்மையே கேள்வி கேட்கிறான். வண்ணத்துக்கு அடியில் ஒரு மனிதர் இருப்பது உடனே தெரிந்துவிடுகிறது. உங்கள் பலூன்காரர் பேசுகிறாரா?

கேட்டவர்:
இதுவரை பேசவில்லை, ஐயா. இனி ஒரே ஒரு முறை பேசுவார். நண்பகல் காட்சிக்கு ஒளிப்பதிவாளரும் இசைந்துவிட்டார். இறுதியில், சேலம் திரும்பும் பேருந்தில் வேடம் கலைத்த அவர் பின்னிருக்கையிலிருந்து, “டிக்கெட்டுக்குக் கொஞ்சம் கொடுத்துவிடும்மா” என்று காசை நீட்ட, அவள் இயல்பாக வாங்கிக் கண்டக்டரிடம் கொடுப்பாள். அவருடைய காதோரம் வெள்ளைச் சாயம் ஒட்டியிருப்பதை அவள் காண வேண்டுமா என்பதை மட்டும் இன்னும் முடிவு செய்யவில்லை.