தாலா பாறை பார்க்க போலரைசிங் மைக்ரோஸ்கோப் வேணும்

வணக்கம். மத்தியப் பிரதேசம் தாலா விண்கல் பள்ளத்துப் பாறையில், ஒளி ஊடுருவுற அளவுக்குத் தேய்த்த மெல்லிய சீவல், அதாவது ஒரு தின் செக்‌ஷன் கைவசம் இருக்கு. நாகர்கோவில், தக்கலை, மார்த்தாண்டம் பக்கம் 400 மடங்கு பெரிசாக்கிக் காட்டுற போலரைசிங் மைக்ரோஸ்கோப்பை (ஒரே தளத்தில் அதிரும் ஒளியில் பாறையைக் காட்டுற கருவி) அரைநாள் தரக்கூடிய கல்லூரி இருந்தா சொல்லுங்க.

தேடுறது குவார்ட்ஸ் கனிம மணிக்குள்ள நேரா, நெருக்கமா ஓடுற கோடுகள், விண்கல் மோதின அதிர்ச்சிக்கு அதுதான் சாட்சி. ஒவ்வொண்ணும் 2 மைக்ரானுக்கும் மெலிசு, இடைவெளி 10 மைக்ரானுக்குள்ள. ஒரே மணியில் ரெண்டு மூணு திசையில் ஓடும். வளைஞ்சு, தடிச்சு, ஒரே திசையில கிடந்தா அது நிலத்தட்டு அழுத்தத்தால வந்தது. இங்கேதான் பலரும் ஏமாறுறாங்க.

ஒப்பிட்டுப் பார்க்க விண்கல் மோதாத நம்ம மாவட்டத்துப் பாறைகளான சார்னோக்கைட்டோ கோண்டலைட்டோ ஒரு கைப்பிடித் துண்டு வேணும், மக்கிப்போகாததா. குவாரிக்கல்னா வெடி வைத்த குழிக்குத் தள்ளி எடுங்க, இல்லன்னா புது விரிசல் குழப்பும். அதை 0.03 மில்லிமீட்டருக்குத் தேய்த்துத் தர ஆளும் தேவை. தடிமன் கூடினா குவார்ட்ஸ் மஞ்சளாத் தெரியும், அதுதான் அடையாளம்.

மகாராஷ்டிராவோட லோனார் விண்கல் பள்ளத்து செக்‌ஷன் இதுக்கு உதவாது. அது பசால்ட், அதாவது எரிமலைக் குழம்பு இறுகின பாறை, அதில் குவார்ட்ஸ் கிடைப்பது அபூர்வம். வட்டமான ஊர்க்குளத்துப் படங்களும் வேண்டாம், வட்டம் மட்டும் விண்கல் விழுந்ததுக்குச் சாட்சியாகாது. விவரம் தெரிஞ்சவங்க கமென்ட்ல போடுங்க.