'வெட்டுக்காயம்' என்று எழுதி வாங்கிக் கட்டிக்கொண்டேன்

படுவான்கரைப் பிள்ளை:
களுவாஞ்சிக்குடியில் ஒரு சட்டத்தரணியிடம் எட்டு மாதமாக வேலை செய்கிறேன். தட்டச்சு, கோப்பு அடுக்குவது, தேத்தண்ணி வாங்கி வைப்பது, இப்போது கொஞ்சம் மொழிபெயர்ப்பும். போன கிழமை சட்ட வைத்திய அதிகாரியின் அறிக்கை ஒன்று ஆங்கிலத்தில் வந்தது. வயல் வரம்புச் சண்டை, மண்வெட்டிப் பிடியால் தலையில் அடி. அடித்தவர்தான் எங்கள் கட்சிக்காரர். அறிக்கையில் 'லெசரேஷன்' என்று இருந்தது. தோல் பிளந்திருக்கிறதுதானே என்று நான் 'வெட்டுக்காயம்' என்று போட்டேன். சேர் சிவப்புப் பேனையால் வட்டம் போட்டுவிட்டு, "பிள்ளை, நம்மட ஆளின்ட கையில நீயே கத்தியக் குடுத்திட்டாய்" என்றார்.

தோல் பிளந்தால் வெட்டு இல்லையா? டொக்டர் எதை வைத்துப் பிரிக்கிறார்? இன்னொரு கோப்பில், மரண விசாரணை ஒன்றில், 'லிவோர் மோர்ட்டிஸ்', 'ரிகர் மோர்ட்டிஸ்' என்றும் கிடக்கிறது. குற்றவியல், தடயவியல், சட்ட மருத்துவம் மூன்றும் ஒன்றுதான் என்று இவ்வளவு நாளும் நினைத்திருந்தேன். சிரிக்காமல் பதில் சொல்லுங்கள்.

ஓய்வுபெற்ற முதலியார்:
சிரிக்கவில்லை மகள். கல்முனையிலும் அக்கரைப்பற்றிலும் நீதிமன்றத்தில் மொழிபெயர்த்து நின்றவன் நான். இதே சொல்லில் நானும் வழுக்கியிருக்கிறேன்.

லெசரேஷன் என்பது கிழிகாயம். மழுங்கிய பொருள் ஒன்று ஓங்கி விழும்போது தோல் எலும்புக்கும் அந்தப் பொருளுக்கும் இடையில் நசுங்கிக் கிழிகிறது. ஓரம் பிய்ந்து, சுற்றிலும் கன்றிப்போய் இருக்கும். காயத்தின் வாயை மெல்ல விரித்துப் பார்த்தால் உள்ளே இந்தப் பக்கத்துக்கும் அந்தப் பக்கத்துக்கும் நூல் மாதிரிச் சதையிழைகள் அறாமல் தொங்கும். கத்தி அந்த இழைகளை விட்டுவைக்காது, எல்லாவற்றையும் அறுத்துக்கொண்டு போய்விடும். ஓரமும் நேராக இருக்கும். அதுதான் வெட்டுக்காயம். நீளத்தைவிட ஆழம் கூடினால் குத்துக்காயம். தோலின் மேற்பரப்பு மட்டும் உரிந்தால் சிராய்ப்பு. தோல் உடையாமல் உள்ளே இரத்தம் கசிந்து நீலம் பாய்ந்தால் கன்றல்.

உங்கள் சேர் ஏன் கோபப்பட்டார் தெரியுமா? எங்கள் தண்டனைச் சட்டக்கோவை 1883ஆம் ஆண்டுச் சட்டம். அதில் 314ஆம் பிரிவு சாதாரணமாகக் காயம் விளைவிப்பதற்கு. சுடும், குத்தும், வெட்டும் கருவியால் விளைவித்தால் 315. மண்வெட்டிப் பிடி மாதிரியான பொல்லும் 315க்குள் வரலாம்தான், ஆனால் ஆளைக் கொல்லக்கூடிய பொல் என்று வழக்குத் தொடுநர் காட்டவேண்டும். கத்திக்கு அந்த வில்லங்கமே இல்லை. நீங்கள் ஒரே சொல்லில் வழக்குத் தொடுநருடைய பாதி வேலையை முடித்துக் கொடுத்துவிட்டீர்கள்!

இன்னொன்று. 'ஹோமிசைட்' என்று கண்டால் உடனே 'கொலை' என்று எழுதாதீர்கள். அது ஆட்கொலை, அதாவது ஒரு மனிதரால் இன்னொருவர் இறந்தார் என்பது மட்டும். அது எப்போது கொலையாகும் என்று 294ஆம் பிரிவு தனியாகச் சொல்கிறது. பத்திரிகைக்காரர் எல்லாவற்றையும் 'கொலை' என்றே போடுவார்கள். அவர்களை யாரும் கூண்டில் ஏற்றிக் கேட்பதில்லை.

வாவிக்கரை அக்கா:
முதலியார் ஐயா சொன்னது சரி. ஆனால் தலையை நம்பாதீர்கள் தங்கச்சி. பிரேத அறையில் பல வருடம் உதவிக்கு நின்றவள் சொல்கிறேன். மண்டையில் தோலுக்குக் கீழே உடனே எலும்பு என்பதால், பொல்லடி பட்டாலும் கத்தி கீறியது போல நேராகப் பிளக்கும். டொக்டர் லென்ஸ் வைத்து அந்த இழைகளைத் தேடுவார், மயிர் அறுந்திருக்கிறதா நசுங்கியிருக்கிறதா என்றும் பார்ப்பார். அவர் கிழிகாயம் என்று எழுதினால் பார்த்துத்தான் எழுதியிருப்பார்.

லிவோர் என்றால் இலத்தீனில் நீலம் பாய்ந்த நிறம். நெஞ்சு நின்றதும் இரத்தம் பாரத்தால் கீழே இறங்கித் தேங்கும். மல்லாந்து கிடந்தவருக்கு முதுகெல்லாம் கருஞ்சிவப்பாக இருக்கும். ஆனால் தரையில் அழுந்திய தோள்பட்டையும் பிட்டமும் மட்டும் வெள்ளையாகவே கிடக்கும். குளிப்பாட்ட வரும் சொந்தக்காரர் அந்த முதுகைக் கண்டதும், "ஐயோ, அடிச்சுக் கொன்னுட்டாங்களே" என்று குழறுவார்கள். எத்தனை தரம் கேட்டிருக்கிறேன். கன்றலில் இரத்தம் சதைக்குள் ஊறியிருக்கும், கீறிக் கழுவினாலும் போகாது. லிவோரில் அது இரத்த நாளத்துக்குள்ளேயே நிற்பதால் கழுவினால் போய்விடும். 'இரத்தத் தேக்க நிறம்' என்று எழுதுங்கள், வாசிக்கிறவருக்கு விளங்கும்.

ரிகர் என்பது விறைப்பு. முதலில் கண்ணிமையிலும் தாடையிலும் தெரியும், பிறகு உடம்பெங்கும் பரவும், அதற்குப் பிறகு தளர்ந்துவிடும். புத்தகத்தில் உள்ள மணிக்கணக்கு குளிர்நாட்டுக்கு. நம்மட வெக்கைக்கு எல்லாம் முந்திவிடும்.

வந்தாறுமூலைப் பெடியன்:
கடைசிக் கேள்வியை எல்லாரும் விட்டுவிட்டீர்கள். வயல் வரம்புக்காக மனிதர் ஏன் அடிபடுகிறார்கள், எந்தக் கிராமத்தில் அது அதிகம், தண்டித்தால் குறைகிறதா என்று கேட்பது குற்றவியல். இத்தாலியரான கரோஃபலோ 1885இல் அந்தப் பெயரில் ஒரு நூலே எழுதினார். மண்வெட்டிப் பிடியில் ஒட்டிய இரத்தம் யாருடையது என்பது தடயவியல். தலைக்காயம் சட்ட மருத்துவம். தமிழில் 'குற்றவியல் வழக்கு', 'குற்றவியல் சட்டம்' என்றும் அதே சொல்லைப் போட்டுக் குழப்பி வைத்திருக்கிறோம். அது உங்கள் பிழை இல்லை அக்கா.

அப்புறம், கைரேகைக்கு மட்டும் நம்மிடம் சொல் ரெடியாக இருக்கிறது. சாத்திரம் பார்க்கிறவர் விரல் நுனியில் சங்கா சக்கரமா என்று எண்ணுவாரே, அந்தச் சக்கரம்தான் தடயவியல்காரருடைய 'வோர்ல்'. சங்கு 'லூப்'.

படுவான்கரைப் பிள்ளை:
எல்லாருக்கும் நன்றி. திருத்தி 'கிழிகாயம்' என்று அடித்துக் கொடுத்தேன். சேர் வாசித்துவிட்டு ஒன்றும் பேசாமல் அந்த மரண விசாரணைக் கோப்பையும் என் மேசையில் வைத்துவிட்டுப் போனார். என் வலக்கைப் பெருவிரலில் சக்கரம், மற்ற நாலிலும் சங்கு.