மறு: பல முடிவு உள்ள ஆட்டத்துக்கு என்ன சொல்? (தெரிமுடிவு, விளைமுடிவு)

வணக்கம்.

ஆட்டக்காரர் செய்வதைப் பொறுத்துக் கதை பல விதமாக முடியும் கணினி ஆட்டத்துக்குத் தமிழில் என்ன சொல்வது என்று, அப்படி ஒன்றைச் செய்துகொண்டிருக்கும் புதுச்சேரி லாஸ்பேட்டைப் பிள்ளைகள் கேட்டிருந்தார்கள். அதற்கு இந்த இழையில் வந்த மடல்கள் எல்லாவற்றையும் ஒரே மூச்சில் படித்தேன். கடலூர் முதுநகர் ஐயா சொன்ன ‘பன்முடிவு’ நல்ல சொல். பன்மொழி, பன்முகம் மாதிரி வாயில் இயல்பாக நிற்கிறது, பன்முடிவு ஆட்டம் என்றால் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. அதை அப்படியே எடுத்துக்கொள்ளலாம். ஆனால் அதோடு நின்றுவிட்டால் லாஸ்பேட்டைப் பிள்ளைகள் கேட்டதற்குப் பாதிப் பதில்தான் கிடைக்கும். அவர்கள் செய்துகொண்டிருக்கும் விண்கல ஆட்டத்தில் முடிவு இரண்டு விதமாக வருகிறது. ஒன்றை ஆட்டக்காரரே கடைசிக் காட்சியில் கை வைத்து எடுக்கிறார். இன்னொன்று, முதல் காட்சியிலிருந்து அவர் செய்ததும் செய்யாமல் விட்டதும் சேர்ந்து தானாக வந்து நிற்கிறது. இந்த இரண்டுக்கும் தனித்தனிப் பெயர் வேண்டும் என்பதுதான் நான் சொல்ல வந்தது.

அதற்கு முன் ‘முடிவு’ என்ற சொல்லையே கொஞ்சம் பார்க்க வேண்டும். கதை முடிந்தாலும் முடிவு, ஒருவர் தீர்மானித்தாலும் முடிவு. அவர்கள் ஆட்டத்தின் மாதிரிக் கோப்பில் ‘உங்கள் முடிவுகளே முடிவை முடிவு செய்யும்’ என்று ஒரு வரி இருக்கிறது. எழுதிய தம்பி மேல் தப்பே இல்லை, இலக்கணப்படி சரியான வாக்கியம், நிதானமாகப் படித்தால் புரியவும் செய்யும். ஆனால் திரையில் இரண்டு நொடி வந்து போகிற வரியை யாரும் நின்று பிரித்துப் படிக்க மாட்டார்கள். இதற்காக முடிவு என்ற சொல்லையே விட்டுவிட்டு ‘நிறைவு’, ‘இறுதிநிலை’ என்று போகலாம் என்று சிலர் எழுதியிருந்தார்கள். எனக்கு அது பிடிக்கவில்லை. கப்பலில் இருந்த அத்தனை பேரும் செத்துப்போன பிறகு ‘நிறைவு’ என்று திரையில் எப்படிப் போடுவது? முடிவு என்பதைக் கதைக்கே விட்டுவிட்டு, தீர்மானிப்பதற்கு வேறு சொல்லைக் கறாராகப் பிடித்துக்கொண்டால் போதும்.

அந்த வேறு சொல் ‘தேர்வு’ ஆகவும் முடியாது. ‘உங்கள் தேர்வு முடிவுகள்’ என்று ஒரு பொத்தானில் எழுதினால் பிளஸ் டூ ரிசல்ட் என்றுதான் நம் பிள்ளைகளுக்குப் படும், அந்த இரண்டு சொல்லும் அவ்வளவு இறுக்கமாக ஒட்டிப்போயிருக்கின்றன. ‘தெரிவு’ போதும். இலங்கைத் தமிழில் அது அன்றாடச் சொல், ‘தலைவராகத் தெரிவு செய்யப்பட்டார்’ என்று அங்கே செய்தியில் சாதாரணமாக வரும். குறளிலும் தெரிந்துசெயல்வகை, தெரிந்துதெளிதல், தெரிந்துவினையாடல் என்று மூன்று அதிகாரத் தலைப்பில் இந்த வேர் இருக்கிறது. நமக்குப் புதுசாக ஒன்றும் செய்ய வேண்டியதில்லை.

இங்கே வந்த மற்ற பரிந்துரைகளில் ‘பல்லீறு’ (ஈறு என்றால் முடிவு) வேண்டாம் என்பதை ஏற்கெனவே பலர் சொல்லிவிட்டார்கள், பல் டாக்டரிடம் போவது மாதிரி இருக்கிறது. ‘கிளைக்கதை’ பற்றித்தான் பேச வேண்டும், ஏனென்றால் அதற்கு ஆதரவு நிறைய. பாரதத்தில் நளன் கதை வருகிறதே, அதைத்தான் நாம் கிளைக்கதை என்று இத்தனை நாளும் சொல்லிவருகிறோம். ஏற்கெனவே வேலையில் இருக்கிற சொல்லைப் பிடுங்கக் கூடாது. அதைவிடப் பெரிய காரணம், கிளை என்றால் பிரிந்துகொண்டே போவது. இந்த ஆட்டங்களில் உண்மையில் நடப்பது பெரும்பாலும் எதிர்ப்பக்கம்: எங்கெங்கோ எடுத்த சின்னத் தெரிவுகள், உப்பனாறு முகத்துவாரத்தில் மேலிருந்து வந்த தண்ணீரெல்லாம் கலந்து கடலுக்குள் போகிற மாதிரி, ஒன்றாகச் சேர்ந்துதான் ஒரு முடிவாகின்றன.

இதற்கு நல்ல உதாரணம் பயோவேர் உருவாக்கி 2010 இல் வந்த மாஸ் எஃபெக்ட் 2. விளையாடாதவர்களுக்காகக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். ஷெப்பர்ட் என்ற தளபதி, நார்மண்டி என்ற விண்கலம், திரும்பி வருவார்களா என்றே தெரியாத ஒரு கடைசிப் பயணம். அதற்கு ஆள் சேர்ப்பதுதான் ஆட்டத்தின் பெரும்பகுதி. சேர்ந்த ஒவ்வொருவருக்கும் சொந்தமாக ஒரு பிரச்சினை இருக்கும், அதைத் தீர்த்து வைத்தால் அவர் மனசு ஒட்டி நிற்பார், கண்டுகொள்ளாமல் விட்டால் விட்டதுதான். கப்பலுக்கும் அப்படியே. கவசத்தை மேம்படுத்தாமல் கிளம்பினால் எதிரியின் இடத்துக்குள் நுழையும்போதே ஜாக் இறந்துபோவாள். அந்த வேலையை எப்போதோ தள்ளிப்போட்டிருப்போம், அது இங்கே வந்து அடிக்கும்.

உள்ளே போன பிறகு காற்றுக்குழாய் வழியாக ஒருவரை அனுப்ப வேண்டும். ஜேக்கப் தானாகவே முன்வருகிறான், துணிச்சலான ஆள், பார்த்தால் அனுப்பத்தான் தோன்றும். அனுப்பினால் செத்தான். அந்த வேலைக்குத் தேவை துணிச்சல் இல்லை, கருவிகளில் கைதேர்ந்தவர். டாலி, லீஜியன், கசூமி இவர்களில் ஒருவர் போக வேண்டும். அவர்கள் போனாலும், முன்பு அவர்கள் பிரச்சினையைத் தீர்த்து வைத்திருக்க வேண்டும், வெளியே இரண்டாம் குழுவுக்குச் சரியான தலைவர் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் குழாயிலிருந்து வெளியே வந்த இடத்திலேயே குண்டு பாயும். கடைசியில் பின்னால் காவலுக்கு நிற்பவர்களின் பலத்தை ஆட்டம் உள்ளுக்குள்ளேயே கணக்குப் போடுகிறது. திரையில் எந்த எண்ணும் வராது. கிரண்ட், காரஸ் போன்ற கட்டுறுதியான ஆட்களைக் கூடவே அழைத்துக்கொண்டு போய்விட்டால் பின்னால் நின்ற மோர்டின் விழுந்து கிடப்பான், ஏன் என்று ஆட்டம் சொல்லாது. இரண்டு பேராவது மிஞ்சாவிட்டால் ஷெப்பர்டுக்கும் சாவுதான். ‘யார் சாக வேண்டும்?’ என்று எங்கேயும் கேள்வி கேட்கப்படவில்லை பாருங்கள். எதிரியின் தளத்தை அழிப்பதா வைத்துக்கொள்வதா என்று ஒரு கேள்வி கடைசியில் வருவது உண்மை, ஆனால் யார் பிழைத்தார் என்பது அதற்கு நீங்கள் சொல்லும் பதிலால் மாறுவதில்லை.

இதற்கு நேர் எதிர் 2000 இல் வந்த டியூஸ் எக்ஸ். மிக நல்ல ஆட்டம், வழியெல்லாம் ஆயிரம் சுதந்திரம். ஆனால் கடைசியில் ஏரியா 51 க்குள் மூன்று வழி. உலகத் தகவல் தொடர்பையே அறுத்துவிடலாம், மறைவில் இருந்து ஆள்கிற கூட்டத்தோடு சேரலாம், இல்லை ஹீலியோஸ் என்ற செயற்கை அறிவோடு கலந்துவிடலாம். அதுவரை யாரைக் கொன்றீர்கள், யாரை விட்டீர்கள் என்று அந்த இடம் கேட்பதில்லை. மூன்றுமே கண்ணெதிரே இருக்கின்றன, எது வேண்டுமோ அதைச் செய்துகொள்ளலாம்.

முத்தியால்பேட்டையில் எங்கள் வீட்டுக்கு விளையாட வரும் பிள்ளைகள் பேசுவதைக் கவனித்திருக்கிறேன். டியூஸ் எக்ஸ் வகை ஆட்டம் என்றால் ‘நான் ஹீலியோஸ் எண்டிங் எடுத்தேன்’ என்பார்கள். மாஸ் எஃபெக்ட் 2 என்றால் ‘எனக்கு டாலி செத்துப்போற எண்டிங் வந்துடுச்சுக்கா’. எடுத்தேன், வந்துடுச்சு. யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை, பேச்சில் அதுவாகவே இரண்டாகப் பிரிந்திருக்கிறது, நமக்கு வேண்டியது அதைச் சுருக்கிச் சொல்லும் இரண்டு பெயர்ச்சொல் மட்டும்.

எடு, வா என்பவற்றையே வைத்து எடுமுடிவு, வருமுடிவு என்று செய்து பார்த்தேன். எடுமுடிவு நிற்காது, ‘முடிவு எடுப்பது’ என்ற பழைய குழப்பத்துக்கே கொண்டுபோய் விடுகிறது. அதனால் என் பரிந்துரை:

ஆட்டக்காரர் நேராகத் தெரிந்தெடுப்பது தெரிமுடிவு. செய்த செயலெல்லாம் சேர்ந்து விளைந்து வருவது விளைமுடிவு.

இரண்டுமே வினைத்தொகை, விளைநிலம், விளைபொருள் போல. தெரி என்பதில் எனக்கு இன்னொரு வசதியும் தெரிகிறது. தெரிவு செய்வது என்ற பொருளும் இருக்கிறது, கண்ணுக்குத் தெரிவது என்ற பொருளும் இருக்கிறது, டியூஸ் எக்ஸில் இரண்டுமே உண்மை. பள்ளியில் தெரிநிலை வினைமுற்று படித்தவர்களுக்கு இந்த அமைப்பு அந்நியமாகவும் இருக்காது.

அக்கா ஒருவர் தனி மடலில் கேட்டிருந்தார், விளை என்பதை விளையாட்டின் சுருக்கம் என்று எடுத்துக்கொள்ள மாட்டார்களா என்று. எடுத்துக்கொள்ளக்கூடும். அப்படிப் படித்தாலும் ‘ஆட்டத்தின் முடிவு’ என்றுதான் படுமே தவிர விபரீதமாக ஒன்றும் ஆகாது, பக்கத்திலேயே தெரிமுடிவு இருக்கும்போது வித்தியாசம் தானாகப் புரிந்துவிடும்.

இந்த இரட்டைச் சொல் எதற்கு உதவும் என்பதற்கு மாஸ் எஃபெக்ட் 3 ஐப் பாருங்கள், 2012 இல் வந்தது. முதல் இரண்டு பாகத்தில் சேமித்த ஆட்டத்தைக் கொண்டுவந்து தொடரலாம், அங்கே செத்தவர் இங்கேயும் இல்லை. அப்படி இவ்வளவு தூரம் வந்து கடைசியில் நின்றால் எதிரி எந்திரங்களை அழிப்பது, கட்டுப்படுத்துவது, உயிர்களையும் எந்திரங்களையும் இணைப்பது என்று மூன்று வழி. ரசிகர்கள் கொதித்துப்போனார்கள், நிறுவனம் அதே வருஷம் ஜூன் மாதம் முடிவுக் காட்சிகளை விரித்து, மறுத்துவிடும் நாலாவது வழியையும் சேர்த்து இலவசமாகக் கொடுத்தது. அந்தக் கோபத்தைப் பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறார்கள். நம் சொல்லில் ஒரே வரிதான்: விளைமுடிவுக்குப் பழக்கிவிட்டுத் தெரிமுடிவைக் கையில் கொடுத்தார்கள். இத்தனைக்கும் அது முழுசாகத் தெரிமுடிவும் இல்லை. திரட்டிய படைபலம் குறைவாக இருந்தால் மூன்று வழியும் திறக்காது. எந்தக் கதவு திறக்கும் என்பது விளைவு, திறந்ததில் எதற்குள் போவது என்பது தெரிவு. இந்த மாதிரிக் கலப்புக்குத் தனிச் சொல் இப்போதைக்கு வேண்டாம் என்று நினைக்கிறேன், இரண்டையும் சேர்த்து விவரித்தாலே போதும்.

2007 இல் வந்த பயோஷாக் பற்றியும் கேட்டிருந்தீர்கள். அது விளைமுடிவுதான். கடலடி நகரத்தில் எதிர்ப்படும் சிறுமிகளை மீட்பதா, உடம்பில் உள்ள ஆடம் என்ற பொருளுக்காகக் கொல்வதா என்று ஒவ்வொரு முறையும் தெரிவு வரும். கொன்றால் 160 ஆடம் கிடைக்கும், மீட்டால் 80தான். கடைசியில் எந்தக் கேள்வியும் இல்லை, அதுவரை செய்ததை வைத்தே முடிவு ஓடும்.

இன்னும் ஒன்று மிச்சம் இருக்கிறது. 2017 இல் வந்த நியர் ஆட்டோமேட்டாவில் ஆங்கில எழுத்து ஒவ்வொன்றுக்கும் ஒரு முடிவு, ஆக 26. அதில் முதல் ஐந்துதான் கதையின் முடிவு. மற்றவை பாதியில் கதையை விட்டு ஓடினால், சாகக்கூடாத இடத்தில் செத்தால் வருபவை. ஒரு மீனைச் சாப்பிட்டதற்கே ஒரு முடிவு இருக்கிறது, ஆங்கிலத்தில் மேக்கரல் என்று வருகிறது, நம்ம ஊர்க் கானாங்கெளுத்தி. அதைத் தின்றதும் நாம் ஆடும் எந்திரப் பெண்ணின் உடம்பு உறைந்துபோய்ப் பெயர்ப்பட்டியல் ஓட ஆரம்பித்துவிடும். எனக்கு மிகவும் பிடித்த இடம் அது. இந்த வகையைத் தெரிமுடிவு என்றும் சொல்ல முடியாது, விளைமுடிவு என்றும் சொல்ல முடியாது. ‘இடைமுடிவு’ என்று வைக்கலாமா? லாஸ்பேட்டை ஆட்டத்திலும் விண்கலத்தின் காற்றுப்பூட்டுக் கதவைத் தவறாகத் திறந்தால் இப்படி ஒன்று வருகிறது, அவர்களுக்கு இந்தச் சொல் உடனே தேவை.

ஆகவே கோப்பில் இப்படி மாற்றலாம் என்று நினைக்கிறேன். ‘உங்கள் முடிவுகளே முடிவை முடிவு செய்யும்’ என்பது ‘உங்கள் தெரிவுகளிலிருந்தே கதையின் முடிவு விளையும்’. தொகுப்புப் பக்கத்தில் மூன்று தலைப்பு: தெரிமுடிவுகள், விளைமுடிவுகள், இடைமுடிவுகள். முதல் முறை வரும் இடத்தில் மட்டும் ‘கதைமுடிவு’ என்று முழுசாகப் போட்டுவிட்டால் தீர்மானம் என்ற பொருள் குறுக்கே வராது.

டெட்ராய்ட் ஆட்டத்தில் ஒவ்வொரு அத்தியாயம் முடிந்ததும் பாய்வுப் படம் காட்டுவார்களே, அதேபோல ஒன்றைத் தம்பிகளும் செய்திருக்கிறார்கள். நாம் போகாத பாதைகள் அதில் பூட்டுப் போட்ட கட்டங்களாக நிற்கும். அந்தக் கட்டத்துக்கு ‘காணாவழி’ என்று ஒருவர் எழுதியிருந்தார், எனக்குப் பிடித்திருக்கிறது, ஆனால் கட்டத்துக்குள் இடம் ரொம்பக் குறைவு என்கிறார்கள். முதுநகர் ஐயா, அதைத் தனி இழையாக நீங்களே தொடங்கிவிடுங்கள்.